மூன்று பைகளில் மல்லாட்டை

போன வாரம் தபால் ஆபீசுக்குப் போகவேண்டி வந்தது. பேத்தியின் சான்றிதழ்களை இன்ஷ்யூர் செய்து அனுப்பவேண்டும். கவுண்டரில் இருந்த பெண், "உறைக்கு அரக்கு சீல் வச்சு எடுத்துட்டு வாங்க தாத்தா" என்றாள். இந்தக் காலத்தில் அரக்குக்கு எங்கே போவது என்று முழித்துக்கொண்டு வெளியே வந்தால், படிக்கட்டுக்குப் பக்கத்தில் ஒருவர் மெழுகுவர்த்தியும் சிவப்புக் குச்சியுமாக உட்கார்ந்திருந்தார். குச்சியைத் தீயில் காட்டினார். குங்கிலியமும் கருகிய வளையலும் கலந்த மாதிரி ஒரு வாசனை எழுந்தது பாருங்கள், முழங்கால் வலி, வெயில், பேத்தி எல்லாம் எங்கோ போய்விட்டன. வலது கை ஆள்காட்டி விரல் மட்டும் சுரீர் என்றது. அந்த விரலில் அரக்கு எத்தனை தடவை சொட்டியிருக்கிறது என்று அதற்குத்தான் தெரியும்.

அறுபதுகளின் கடைசி வருஷங்கள். விவசாய இலாகாவில் சேர்ந்து கொஞ்ச காலம்தான் ஆகியிருந்தது. வட ஆர்க்காடு ஜில்லாவில் எங்கே போட்டாலும் போகிறேன் என்று எழுதிக் கொடுத்திருந்தேன், திருவண்ணாமலையில் போட்டார்கள். பிள்ளை தினமும் கோயிலுக்குப் போவான் என்று அம்மாவுக்கு சந்தோஷம். பிள்ளை தினமும் சைக்கிளில் கீழ்பென்னாத்தூருக்குப் போனான்.

பே கோபுரத் தெருவில் ஒரு பழைய வீட்டை வாடகைக்கு எடுத்து ஆபீஸ் என்று போர்டு மாட்டியிருந்தார்கள். பின்பக்கம் மலை. காலையில் பார்க்க அழகாகத்தான் இருக்கும். மத்தியானத்துக்குமேல், அதுவரை வாங்கி வைத்த வெயிலை எல்லாம் மலை எங்கள் முதுகில் திருப்பிவிடும். ஆபீசில் நானும் ரகமத்துல்லா பாயும். பாய் எங்கள் பியூன். என்னைவிட இருபது வயசு மூத்தவர். "சார், இன்னிக்கு வெயில் ஜாஸ்தி, வேலை கம்மியா வச்சுக்கலாம்" என்று காலையிலேயே தீர்ப்பு சொல்லிவிடுவார். அந்தத் தீர்ப்பு பெரும்பாலும் சரியாகவே இருக்கும்.

அப்படி இருந்த ஆபீசுக்குத்தான் விதைச் சட்டம் வந்து சேர்ந்தது. விதை விற்கிறவர்கள் இன்ன ரகம், இவ்வளவு முளைக்கும், இவ்வளவு சுத்தம் என்று மூட்டையில் சீட்டுக் கட்டவேண்டும். அந்தச் சீட்டு சொல்வது நிஜமா என்று மாதிரி எடுத்துப் பரிசோதனைக்கு அனுப்ப ஒரு ஆள் வேண்டும். எனக்கு 'விதை ஆய்வாளர்' என்று கூடுதலாக ஒரு பட்டம் கிடைத்தது. சம்பளம் ஏறவில்லை, சைக்கிள் மிதிப்பதுதான் கூடிற்று.

வேலூரில் பயிற்சி கொடுத்தார்கள். மூட்டைகள் அடுக்கியிருந்தால் எந்தெந்த மூட்டையில் எடுப்பது, ஒரே மூட்டையில் மேலே, நடுவே, அடியில் என்று எப்படி எடுப்பது, எடுத்ததை எல்லாம் கலந்து குவித்து நாலாகப் பிரித்து எதிரெதிர்ப் பங்கை ஒதுக்குவது, கடைசியில் கிடைப்பதை மூன்றாகப் பங்கிட்டு மூன்று துணிப்பைகளில் கட்டி சீல் வைப்பது. ஒரு பை பரிசோதனைச் சாலைக்கு. ஒரு பை கடைக்காரரிடமே இருக்கும். ஒரு பை ஆபீசில் இருக்கும், வழக்கு வந்தால் கோர்ட்டுக்குப் போகும். இந்த மூன்று பை ஏற்பாடு எனக்கு ரொம்பப் பிடித்துப்போயிற்று. யாரும் யாரையும் ஏமாற்ற முடியாது. கடைக்காரர் பொய் சொன்னால் ஆபீஸ் பை பேசும், ஆபீஸ் பொய் சொன்னால் கடைக்காரர் பை பேசும். எவ்வளவு யோசித்துச் செய்திருக்கிறார்கள் என்று பஸ்ஸில் திரும்பும்போது நினைத்துக்கொண்டே வந்தேன். சின்ன வயசு. யோசித்துச் செய்த எதுவும் நன்றாகவே முடியும் என்று நம்புகிற வயசு.

மாதிரி எடுக்க ஒரு குத்தூசி கொடுத்திருந்தார்கள். பித்தளைக் குழாய், முனை கூர், பக்கத்தில் வாய் திறந்த பள்ளம். மூட்டையில் குத்தி இழுத்தால் நெல் பள்ளத்தில் நிறைந்து வரும். பாய் அதற்குப் புளி போட்டுத் தேய்த்து மினுமினு என்று வைத்திருப்பார். அதைத் தோளில் சாய்த்துக்கொண்டு சைக்கிளில் நான் தேரடித் தெருவுக்குள் நுழைந்தால், "தோ, முருகன் வேலோட வர்றாரு" என்று கடைக்காரர்கள் சிரிப்பார்கள். முதல் சில மாதம் சிரிப்போடு போயிற்று.

தேரடித் தெருவில் தணிகாசலம் என்று ஒருவர் விதைக்கடை வைத்திருந்தார். ஊரில் எல்லாரும் அவரை முதலாளி என்பார்கள், நானும் அப்படியே கூப்பிட்டேன். ஐம்பது வயசு இருக்கும். ஒல்லி ஆள். நெற்றியில் திருநீறு, காதில் எப்போதும் ஒரு பென்சில். நான் ஊருக்கு வந்த புதிதில், தங்க இடமில்லாமல் சத்திரத்தில் மூட்டைப்பூச்சிகளோடு படுத்திருந்தபோது, ஒத்தவாடைத் தெருவில் எனக்கு அறை பிடித்துக் கொடுத்தவர் அவர்தான். சாயங்காலம் ஆபீஸ் பூட்டியதும் அவர் கடையில் போய் உட்காருவேன். எதிர் ஓட்டலில் இருந்து காப்பி வரும். சாக்கு வாசனை, மல்லாட்டைத் தூசி, தெருவில் போகிற மாட்டுவண்டிச் சத்தம். பேச்சு பெரும்பாலும் மழையைப் பற்றித்தான். மழை வந்தால் இன்னும் வருமா என்று, வராவிட்டால் ஏன் வரவில்லை என்று.

மல்லாட்டை என்றால் வேர்க்கடலை. அந்தப் பக்கத்து வாயில் அப்படித்தான் வரும். கீழ்பென்னாத்தூர் பக்கம் கிணறு இல்லாத நிலமெல்லாம் அதுதான் போடுவார்கள். ஆடியில் ஒரு நல்ல மழை விழுந்ததும் ஊரே ஏரைக் கட்டிக்கொண்டு இறங்கும். முன்னால் ஏர் போகும், பின்னால் பெண்கள் சாலில் விதை போட்டுக்கொண்டே போவார்கள். அந்த ஈரம் இருக்கிற சில நாள்தான் கணக்கு. தவறினால் அந்த வருஷம் அவ்வளவுதான்.

அந்த வருஷம் ஆடி மழை நன்றாகவே விழுந்தது. ஒரு காலை ஆபீஸ் வாசலில் ஒரு அம்மாள் முந்தானையில் எதையோ கட்டிக்கொண்டு நின்றாள். குப்பம்மா என்று பெயர், கீழ்பென்னாத்தூருக்கு அந்தப்புறம் ஊர். அவளும் புருஷனும், விளைச்சலில் பங்கு கொடுப்பதாக வாரத்துக்கு எடுத்த நிலத்தில் மல்லாட்டை போட்டிருந்தார்கள். முந்தானையை அவிழ்த்து என் மேஜையில் கொட்டினாள். ஊறி உப்பி, தோல் கழன்று, அழுகல் வாசனை அடிக்கிற கொட்டைகள். மண்ணைத் தோண்டி எடுத்து வந்திருக்கிறாள்.

"பாதி மொளைக்கவே இல்லீங்க சார். சால் சாலா வெறும் மண்ணு கெடக்குது."

"எங்கம்மா வாங்கினீங்க?"

"தணிகாசலம் மொதலாளி கடைலதான். அவர் கிட்டதான் எப்பவும் வாங்கறது. கேக்கலாம்னு போனேன், பொண்ணு ஊட்டுக்குப் போயிருக்காருன்னாங்க. இங்க சொன்னா சட்டம் இருக்குதுன்னு ஊர்ல சொன்னாங்க. அதான் வந்தேன்."

சட்டம் இருக்கிறது என்று நம்பி ஆபீசைத் தேடி வந்த முதல் ஆள் அவள். எனக்கு உள்ளூரப் பெருமைகூட வந்தது. ஆனால் மேஜைமேல் கிடந்த கொட்டைகளை நான் தொடமுடியாது. கடைக்காரர் எதிரில், அவர் மூட்டையில் இருந்து, நானே எடுத்தால்தான் மாதிரி. மண்ணில் இருந்து அவள் தோண்டி எடுத்தது கணக்கில் வராது. அதை அவளுக்கு விளக்கினேன். பொறுமையாகக் கேட்டாள்.

"கொட்டை அதே கொட்டைதானுங்களே" என்றாள்.

"அதேதாம்மா. ஆனா சட்டப்படி நான் கடையில எடுத்து அனுப்பணும்."

"செய்ங்க. ஈரம் இருக்கும்போதே ஏதோ ஒண்ணு செய்ங்க. காஞ்சிட்டா அப்பறம் வெதச்சும் ஒண்ணும் ஆவாது."

கொட்டைகளைத் திரும்ப முந்தானையில் அள்ளிக்கொண்டாள். அதையும் ஏன் எடுத்துப்போகிறாள் என்று எனக்குப் புரியவில்லை.

மறுநாள் தணிகாசலம் வந்துவிட்டார். பாயையும் கூட்டிக்கொண்டு, பை, சணல், அரக்கு, முத்திரை, குத்தூசி சகிதம் போனேன். எப்போதும் சாயங்காலம் வருகிற ஆள் காலையில் இத்தனை சாமான்களோடு வருவதைப் பார்த்து முதலில் சிரித்தார். பிறகு சிரிப்பு நின்றது.

"நம்ம கடைலயா சார்" என்றார்.

புகார் வந்திருக்கிறது என்றேன். யார் என்று உடனே கேட்கவில்லை. "எடுங்க" என்று மூட்டைகள் பக்கம் கையைக் காட்டிவிட்டு ஒதுங்கி நின்றார்.

என் குத்தூசியின் பெருமை அன்றோடு போயிற்று. நெல்லில் வழுக்கிக்கொண்டு போகிற குத்தூசி, ஓட்டோடு இருக்கிற மல்லாட்டையில் நாலு விரற்கடைகூட இறங்கவில்லை. அழுத்தினால் காய் நொறுங்குகிறது. பயிற்சியில் சொல்லியிருந்தார்கள், காயாக இருந்தால் கையால் எடு என்று. நான்தான் ஜம்பத்துக்குத் தூக்கிக்கொண்டு போயிருந்தேன். சட்டைக்கையை மடித்துவிட்டு மூட்டைக்குள் தோள்வரை கையை விட்டுத் துழாவினேன். மூக்கு கண்ணெல்லாம் தூசி. ஒரு பிடி எடுப்பதும் தும்முவதுமாக நான் படுகிற பாட்டைத் தெருவே நின்று பார்த்தது.

சாட்சிக் கையெழுத்துக்கு ஆள் கூப்பிட்டால் அந்தக் கூட்டம் அப்படியே கலைந்தது. கடைசியில் கோயிலில் முறை முடிந்து வீட்டுக்குப் போய்க்கொண்டிருந்த குருக்கள் ஒருவரை பாய் மடக்கிக் கூட்டிவந்தார். "சாட்சின்னா கோர்ட்டுக்கு வரணுமோ?" என்று அவர் பயந்தார். அந்த அளவுக்குப் போகாது என்று தணிகாசலமே அவருக்குத் தைரியம் சொன்னார். தன்மேல் எழுதுகிற காகிதத்துக்குத் தானே சாட்சியைச் சம்மதிக்க வைத்த அப்படி ஒரு மனுஷரை நான் அதற்குப்பின் எந்தக் கடையிலும் பார்க்கவில்லை.

துணி விரித்துக் கொட்டி, கலந்து, நாலாகப் பிரித்து, மூன்று பை கட்டினேன். பாய் அரக்கை உருக்க, நான் முத்திரை வைத்தேன். விரல் அன்றைக்குத்தான் நன்றாகப் பொத்துப்போயிற்று.

அதற்கப்புறம்தான் கஷ்டமான வேலை. சந்தேகம் வந்த சரக்கை, பரிசோதனை முடிவு வரும்வரை, அதிகபட்சம் ஒரு மாதம், விற்காமல் நிறுத்திவைக்கச் சொல்லி எழுதிக் கொடுக்கவேண்டும். எழுதிக் கொடுத்தேன். படித்துப் பார்த்தார்.

"ஆடி மாசம் சார் இது" என்றார்.

"தெரியும் முதலாளி."

"புகார் குடுத்தது யாரு?"

சொன்னேன். மூட்டைகள் பக்கம் திரும்பினார். "குப்பம்மா வாங்கினது மொதல் லோடு. அது தீந்துபோச்சு. இது அப்பறம் வந்த லோடு. ரெண்டும் ஒரே மண்டிலேருந்து ஒரே பேர்லதான் வந்துது. இது நல்லா இருக்கும், நானே ஒடச்சுப் பாத்தேன்." பிறகு மெதுவாகக் கேட்டார். "இதுல ஒரு மூட்டைய அதுக்குக் குடுத்துடறேன் சார். விக்கல. சும்மா குடுக்கறேன். ஈரம் இருக்குது, இன்னிக்கே எடுத்துட்டுப் போயி போட்டுக்கட்டும்."

நான் உத்தரவை மறுபடி எடுத்துப் படித்தேன். விற்கவோ வேறு எந்த வகையிலும் கைமாற்றவோ கூடாது என்று இருந்தது. அதை வாசித்துக் காட்டினேன்.

"தானம் குடுக்கறதுக்குமா?"

"எதுக்குமே முதலாளி."

அவர் காதில் இருந்த பென்சிலை எடுத்துப் பார்த்துவிட்டுத் திரும்ப வைத்துக்கொண்டார்.

மறுநாள் காலை முதல் பஸ்ஸில் வேலூருக்குப் போனேன். மேலதிகாரியைப் பார்த்து விஷயத்தைச் சொன்னேன். கெட்டவர் இல்லை. நாற்காலியில் துண்டு போட்டு, எதிரில் குவிந்திருந்த காகிதங்களுக்கு நடுவே களைத்துப்போய் உட்கார்ந்திருந்தார். "ஒரு மூட்டைய அவுத்துவிட்டுட்டு, நாளைக்கு ரிப்போர்ட் மோசம்னு வந்தா அந்தப் பொம்பளைக்கு ரெண்டாவது தடவையும் நாமளே கெடுதல் பண்ணினதா ஆவும். அப்ப யாரு பதில் சொல்றது?" என்றார். அதுவும் நியாயமாகத்தான் பட்டது. அங்கே கேட்டது நியாயம், இங்கே கேட்டதும் நியாயம். சாயங்காலம் பஸ்ஸில் திரும்பும்போது போளூர் தாண்டி மலை தெரிந்தது. அதைப் பார்க்கவே அலுப்பாக இருந்தது.

நான் இல்லாத அன்று தணிகாசலம் சும்மா இருக்கவில்லை. வேறு கடைகளில் ஒரு மூட்டை வாங்கி குப்பம்மாவுக்குக் கொடுத்துவிடலாம் என்று ஆள் அனுப்பியிருக்கிறார். ஆனால் தேரடித் தெருவில் சீல் வைக்கிறார்கள் என்கிற சேதி அதற்குள் ஊர் முழுக்கப் பரவியிருந்தது. எல்லாக் கடையிலும் ஒரே பதில்: "வெதை ஸ்டாக் இல்ல." முந்தின நாள்வரை வாசலில் அடுக்கியிருந்த மூட்டைகள் எல்லாம் எண்ணெய்க்குப் போகிற கொட்டை ஆகிவிட்டன. எண்ணெய்க்குப் போகிற கொட்டைமேல் சட்டம் செல்லாது.

பிறகு காத்திருந்தோம். முளைப்புப் பரிசோதனை என்பது அவசரப்படுத்துகிற காரியம் இல்லை. ஈர மணலில் விதையை வைத்து, அது முளைக்கிற வரைக்கும் உட்கார்ந்திருக்கவேண்டும். எங்கள் பைக்கு முன்னால் எத்தனை ஊர்ப் பைகள் வரிசையில் நின்றனவோ தெரியாது. குப்பம்மா சந்தைக்கு வருகிற நாளெல்லாம் ஆபீசுக்கு வருவாள். பாய் பானையில் இருந்து தண்ணீர் மொண்டு கொடுப்பார். குடித்துவிட்டுக் கதவோரம் நிற்பாள்.

"வந்துதுங்களா?"

"இன்னும் இல்லம்மா."

அவ்வளவுதான் பேச்சு. சண்டை போட்டிருந்தாலாவது தேவலை.

ஆபீஸ் பங்குப் பையைக் காப்பதே ஒரு தனி உத்தியோகம் ஆயிற்று. அந்த வீட்டில் எலி. சாதாரண எலி இல்லை, முந்தைய வாடகைக்காரர் காலத்தில் இருந்து குடியிருக்கிறவை. பையை பீரோவில் வைத்தால் பீரோவைச் சுரண்டின. கடைசியில் பாய் உத்தரத்தில் கயிறு கட்டி, பையை நடுக்கூடத்தில் விளக்கு மாதிரித் தொங்கவிட்டார். யார் ஆபீசுக்கு வந்தாலும் தலையில் இடித்துக்கொண்டுதான் உள்ளே வரவேண்டும். குப்பம்மா உயரம் கம்மி, அவளுக்கு இடிக்காது. அண்ணாந்து பார்த்துக்கொண்டே போவாள்.

சாயங்காலக் காப்பி நிற்கவில்லை. நான் போவேன், அவர் வரவழைப்பார். ஆனால் மழையைப் பற்றிப் பேசுவதை இரண்டு பேருமே விட்டுவிட்டோம். கோயில் உற்சவம், அவர் பெண் வீட்டுச் சமாசாரம், எங்கள் ஆபீஸ் எலி என்று பேச்சு வேறு எங்கெங்கோ சுற்றும். அவர் முதுகுக்குப் பின்னால் விற்க முடியாத மூட்டைகள் கூரைவரை இருந்தன.

ஆவணி பாதி போனபிறகு ரிப்போர்ட் வந்தது. விதை நல்ல விதை. சட்டம் கேட்கிற முளைப்புக்கு மேலேயே இருக்கிறது. சுத்தத்திலும் குறை இல்லை. வியாபாரிமேல் நடவடிக்கை தேவையில்லை.

தணிகாசலம் சொன்னது சரி, இரண்டாவது லோடு நல்ல லோடு. முதல் லோடு ஏன் முளைக்கவில்லை என்று இன்றுவரை எனக்குத் தெரியாது. மண்டியில் பழைய கொட்டையைக் கலந்திருக்கலாம், ஈரத்தோடு மூட்டை கட்டியிருக்கலாம். அந்த லோடில் ஒரு கொட்டைகூட யாரிடமும் இல்லை. இருந்ததெல்லாம் குப்பம்மாவின் மண்ணுக்குள் இருந்தது. மண்ணுக்குள் இருப்பது சட்டத்தின் கணக்கில் மாதிரி ஆகாது.

ரிப்போர்ட் வந்த அந்த வாரம் குப்பம்மா வந்தாள். சொன்னேன். கோபப்படுவாள் என்று எதிர்பார்த்தேன். அவள் நிலத்தில் அதற்குள் ஈரம் போய், முளைத்த பாதியையும் களை மூடிவிட்டிருந்தது. புருஷன் பெங்களூர் பக்கம் கட்டட வேலைக்குப் போயாயிற்று. உத்தரத்தில் தொங்குகிற பையை அண்ணாந்து பார்த்தாள்.

"அதுல இருக்கறது நல்ல வெதைன்னு சொல்றீங்க இல்லீங்களா?"

"ஆமாம்மா."

"அப்ப அதக் குடுங்க சார். நான் போட்டுக்கறேன்."

பாய் என்னைப் பார்த்தார். நான் பையைப் பார்த்தேன். ஃபைலை மூடச் சொல்லி மேலிடத்தில் இருந்து தனியாக உத்தரவு வரும்வரை அந்த சீலை உடைக்கக்கூடாது. அதை அவளிடம் எப்படிச் சொன்னேன் என்று நினைவில்லை. ஏதோ சொல்லியிருக்கிறேன். சொல்லிச் சொல்லி எனக்கே வாய் சலித்துப்போயிருந்தது. "வாங்கம்மா, கடைக்குப் போலாம்" என்று மட்டும் கடைசியில் சொன்னது ஞாபகம் இருக்கிறது. தடையை விலக்கிய உத்தரவை நான் தணிகாசலத்திடம் கொடுக்கவேண்டியிருந்தது.

கடையில் அவர் உத்தரவை வாங்கிப் படித்தார். குப்பம்மா வாசலிலேயே நின்றாள். இரண்டு பேரும் ஒருவரை ஒருவர் பார்த்துக்கொண்டார்கள். அவர் முகத்தில் ஜெயித்த களை ஒன்றும் இல்லை.

"மூட்டை எடுத்துட்டுப் போ குப்பம்மா. இப்ப தடை இல்ல."

"இனிமே மூட்டை எதுக்கு மொதலாளி. எங்க போடறது?"

அவர் உள்ளே போய் ஒரு துணிப்பையை எடுத்து வந்தார். நான் கட்டி சீல் வைத்துக் கொடுத்த அவருடைய பங்கு. விபூதி டப்பாவுக்குப் பக்கத்தில், சாமி மாடத்திலேயே வைத்திருந்திருக்கிறார்.

"இது என் பங்குதானே சார்? இத என்ன வேணா பண்ணலாமா?"

யோசித்துப் பார்த்தேன். வழக்கு இல்லை என்று ஆனபிறகு கடைக்காரர் தன் பையை என்ன செய்யவேண்டும் என்று எனக்கு யாரும் சொல்லிக் கொடுத்திருக்கவில்லை. "பண்ணலாம் முதலாளி" என்றேன். அந்த வருஷம் நான் யாருக்காவது ஆகும் என்று சொன்னது அது ஒன்றைத்தான்.

கட்டை விரல் நகத்தால் அரக்கைப் பெயர்த்தார். சணலை அவிழ்த்துக் குப்பம்மா நீட்டிய முந்தானையில் கொட்டினார். ஒரு கிலோ இருக்கும். அவள் ஒரு காயை எடுத்து உடைத்துப் பார்த்தாள், பருப்பைப் பல்லால் கடித்துப் பார்த்தாள்.

"கெணத்தோரம் பக்கத்து நெலத்துக்காரர கேட்டு ஒரு பாத்தி போட்டுக்கறேன்" என்று சொல்லிவிட்டுப் போனாள்.

மார்கழியில் ஒரு நாள் ஆபீசில் வேகவைத்த மல்லாட்டை வாசனை. குப்பம்மா ஒரு தூக்கில் கொண்டுவந்து பாயிடம் கொடுத்துக்கொண்டிருந்தாள். இன்னும் சூடு ஆறவில்லை. நாங்கள் மூன்று பேரும் பழைய காகிதத்தில் தோலைப் போட்டுக்கொண்டு தின்றோம். மண் வாசனையும் உப்பும். நன்றாக விளைந்திருந்தது, காய் கனம்.

"நல்ல வெதைதானுங்க" என்றாள். "கவருமெண்டு சொன்னது நெசந்தான்."

கேலி இல்லை. அவள் அப்படிப் பேசுகிறவள் இல்லை. இருந்ததைச் சொன்னாள். பாய் எழுந்து தண்ணீர் மொள்ளப் போனார், நான் தோலை எல்லாம் கூட்டி ஒதுக்கினேன். அவள் புருஷன் பொங்கலுக்கு வந்தான் என்று கேள்விப்பட்டேன். பொங்கல் முடிந்து திரும்பிப் போய்விட்டான். மறு வருஷம் அந்த வார நிலத்தை வேறு யாரோ எடுத்துக்கொண்டார்கள்.

சட்டம் கெட்டது என்று சொல்ல வரவில்லை. பிற்காலத்தில் வேறு ஊர்களில் இதே மூன்று பைகள் அசல் மோசடிக்காரர்களைப் பிடித்துக் கொடுத்திருக்கின்றன. எத்தனையோ குடும்பங்கள் அதனால் பிழைத்தன. வேலையில் இருந்தவரை அதே சட்டத்தைத்தான் தூக்கிக்கொண்டு சுற்றினேன். ஆனால் முதல் தடவை யார்மேல் பிரயோகிக்கிறோமோ அவர்கள் முகம்தான் கடைசிவரை கூட வருகிறது.

தணிகாசலம் தேங்கிய மூட்டைகளை எண்ணெய் மில்லுக்குப் போட்டுவிட்டார். அடுத்த ஆடிக்கு விதை வாங்கவில்லை. கோடவுனைத் தடுத்து அறைகளாக்கி, கோயிலுக்கு வருகிறவர்கள் தங்க வாடகைக்கு விட்டார். பாய் ஓய்வு பெற்று வாலாஜா பக்கம் மகனோடு போனார். எனக்கும் மாற்றல் வந்தது.

பல வருஷம் கழித்து ஒரு ஆடி மாசம் ஏதோ வேலையாகத் திருவண்ணாமலை போனவன், தணிகாசலத்தைப் பார்க்கப் போனேன். நன்றாக மூத்துப்போயிருந்தார். லாட்ஜ் வாசலில் நாற்காலி போட்டு உட்கார்ந்திருந்தார். எனக்குக் காப்பி வரவழைத்தார். போன வாரம் நல்ல மழை என்று அவரே சொன்னார். அவர் வாயில் இருந்து மழைப் பேச்சைக் கேட்டு எவ்வளவோ காலம் ஆகியிருந்தது. தெருவில் கிராமத்துப் பெண்கள் சிலர் சந்தைக்குப் போய்க்கொண்டிருந்தார்கள். அவர்களைப் பார்த்துக் குரல் கொடுத்தார்:

"மொளச்சுதா?"

அவரிடம் விதை வாங்கியவர்கள் இல்லை. யார் என்றே அவருக்குத் தெரிந்திருக்காது. ஆனாலும் முன்னால் போனவள் நடையை நிறுத்தாமல், "மொளச்சுதுங்க" என்றாள். பின்னால் வந்தவள், "எங்களுது நாலு சால் பரவால்லீங்க" என்றாள். அவர் தலையை ஆட்டிக்கொண்டார். யாரைப் பார்த்தாலும் அதைக் கேட்பார், ஆடி முடிகிறவரை இதே வேலைதான் என்று உள்ளேயிருந்து அவர் மருமகள் சொன்னாள்.

அவர் காலமாகி ரொம்ப வருஷம் ஆகிறது. போன வருஷம் பௌர்ணமிக்குப் போயிருந்தேன். தேரடித் தெருவில் நிற்க இடமில்லை, அத்தனை ஜனம், அத்தனை ஆட்டோ. கீழ்பென்னாத்தூர் ரோட்டில் மனைக்கல் நட்டு வெள்ளையடித்திருக்கிறார்கள். மத்தியானம் திடீரென்று நல்ல மழை பிடித்தது. கடைக்காரர்கள் அவசர அவசரமாக தார்ப்பாய் இழுத்துவிட்டார்கள். ஒரு விதைக்கடைக்கு முன்னால் ஒதுங்கி நின்றேன். கண்ணாடிக்குப் பின்னால் வண்ண வண்ண உறைகள், கடைக்காரப் பையன் போனில் ஏதோ பார்த்துக்கொண்டிருந்தான். கிராமத்து ஆள் ஒருவர் நனைந்துகொண்டே எங்களைத் தாண்டிப் போனார். அவரை யாரும் எதுவும் கேட்கவில்லை.